நூலகக் கணினிமயமாக்கம்

நூலகக் கணினிமயமாக்கம் என்பது நூல்களைப் பெறுதல், பட்டியலிடுதல், இரவல் வழங்குதல், தேடிக் கொடுத்தல், பாதுகாத்தல் ஆகிய நூலகப் பணிகளைக் கணினி, மென்பொருள், கணினி வலையமைப்பு ஆகியவற்றின் துணையுடன் செய்வதைக் குறிக்கும். இது நூலகத் தன்னியக்கமாக்கம் எனவும் அழைக்கப்படுகின்றது. 1960களில் ஐக்கிய அமெரிக்காவின் பெரிய நூலகங்களில் தொடங்கிய இம்மாற்றம், நுண்கணினிகளின் வரவுக்குப் பின்னர் சிறிய நூலகங்களுக்கும், இணையத்தின் வரவுக்குப் பின்னர் வாசகரின் வீட்டுக்கும் பரவியது.

நூலகம் ஒன்றில் ஒரு நூல் இருப்பது வேறு, தேடுபவருக்கு அது அகப்படுவது வேறு. பட்டியலில் இடம்பெறாத அல்லது தவறாக இடம்பெற்ற நூல், தட்டில் இருந்தும் இல்லாததற்குச் சமமாகும். கணினி தேடலின் வேகத்தையும் எல்லையையும் பெருமளவு கூட்டியுள்ளது. ஆயினும், நூலைச் சரியாக விவரிக்கும் பொறுப்பு இன்றும் நூலகரிடமே உள்ளது.

கணினிக்கு முந்தைய நிலை

இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியில் நூலகங்களின் திறவுகோலாக அட்டைப் பட்டியல் விளங்கியது. ஏறத்தாழ 7.5 செ.மீ. உயரமும் 12.5 செ.மீ. அகலமும் கொண்ட அட்டைகளில் நூல் விவரங்கள் எழுதப்பட்டோ தட்டச்சு செய்யப்பட்டோ இழுப்பறைகளில் வரிசையாக அடுக்கப்பட்டன. அட்டைகள் இடம் மாறாதிருக்க அவற்றின் அடியில் உள்ள துளைகளின் ஊடாக ஓர் உலோகக் கம்பி செருகப்பட்டிருக்கும்.

ஒரு நூலுக்கு ஆசிரியர் பெயரில் ஒன்று, தலைப்பில் ஒன்று, பொருளில் ஒன்று அல்லது பல என அட்டைகள் தேவைப்பட்டன. ஒரு பொருள் தலைப்பை மாற்ற வேண்டுமானால் அத்தலைப்பின் கீழுள்ள அட்டைகள் அனைத்தையும் எடுத்துத் திருத்தி மீண்டும் அடுக்க வேண்டும். அட்டை ஒன்று இடம் மாறி அடுக்கப்பட்டால், யாராவது தற்செயலாகக் காணும் வரை அந்த வழியில் அந்நூலைக் கண்டுபிடிக்க இயலாது. மேலும், பட்டியல் இருக்கும் கட்டடத்துக்கு நேரில் சென்றவர் மட்டுமே அதனைப் பயன்படுத்த முடிந்தது.

இரவல் வழங்குவதற்குப் பிரௌன் முறை பரவலாகப் பயன்பட்டது. இதன்படி ஒவ்வொரு நூலின் உட்புறத்திலும் ஒரு நூலட்டை இருக்கும். வாசகர் நூலை எடுக்கும்போது அந்த அட்டை, பை போன்று அமைந்த அவரது உறுப்பினர் சீட்டினுள் செருகப்பட்டு, திருப்பித் தர வேண்டிய நாளின்படி தட்டம் ஒன்றில் அடுக்கப்படும். ஒரு குறிப்பிட்ட நூல் யாரிடம் உள்ளது என்பதை அறிய வேண்டுமாயின் தட்டம் முழுவதையும் தேட வேண்டியிருந்தது.

1924 ஆம் ஆண்டில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் நூலகராகப் பொறுப்பேற்ற எஸ். ஆர். ரங்கநாதன், 1931 இல் நூலக அறிவியலின் ஐந்து விதிகளை நூலாக வெளியிட்டார். இவற்றுள் நான்காவது விதி வாசகரின் நேரம் வீணாகாமல் காப்பதைப் பற்றியதாகும். கணினிமயமாக்கத்தின் நோக்கத்தையும் இவ்விதிக்குள் அடக்கிவிடலாம்.

வரலாறு

மார்க் வடிவம்

அட்டையில் உள்ள விவரத்தை மனிதர் கண்ணால் பார்த்து, இது ஆசிரியர் பெயர், இது தலைப்பு என்று புரிந்துகொள்வர். கணினிக்கு அது தெரியாது. எனவே ஒவ்வொரு விவரமும் இன்னது என்பதைக் குறியிட்டுக் காட்டும் பொது வடிவம் ஒன்று தேவைப்பட்டது. அமெரிக்கக் காங்கிரசு நூலகத்தில் பணியாற்றிய கணினி நிரலாளரான என்றியெட் அவ்ராம் இப்பணிக்குத் தலைமை தாங்கினார். 1966 இல் 16 நூலகங்களின் பங்கேற்புடன் முன்னோட்டத் திட்டம் தொடங்கியது. 1968 இல் திருத்திய வடிவம் உருவானது. "கணினியால் படிக்கத்தக்க பட்டியலாக்கம்" என்னும் பொருள் தரும் ஆங்கிலத் தொடரின் முதலெழுத்துகளால் இது மார்க் எனப் பெயர் பெற்றது. 1999 இல் அமெரிக்க, கனடிய வடிவங்கள் இணைக்கப்பட்டு மார்க் 21 உருவாக்கப்பட்டது.

கூட்டுப் பட்டியல்

ஒரே நூலை நூறு நூலகங்கள் வாங்கினால் நூறு நூலகர்கள் அதே விவரத்தைத் தனித்தனியே எழுதினர். இதனைத் தவிர்க்கும் நோக்குடன் 1967 இல் ஒகையோ மாநிலத்தின் கல்லூரிகள் கூடி ஓசிஎல்சி என்னும் கூட்டமைப்பை நிறுவின. பிரடெரிக் கில்கோர் இதன் முதல் தலைவராக இருந்தார். 1971 ஆகத்து 26 அன்று ஒகையோ பல்கலைக்கழகத்தின் ஆல்டன் நூலகத்தில் இணைப்புவழிப் பட்டியலாக்கம் முதன்முதலாக நடைமுறைக்கு வந்தது. ஒரு நூலகம் உருவாக்கிய பதிவைப் பிற நூலகங்கள் படியெடுத்துக்கொண்டன. புதிதாக எழுத வேண்டிய தேவை, வேறெவரும் பட்டியலிடாத நூல்களுக்கு மட்டுமே எஞ்சியது.

தொடக்கத்தில் இக்கணினி அமைப்பின் முதன்மை விளைபொருளாக இருந்தவை அட்டைகளே என்பது குறிப்பிடத்தக்கது. உறுப்பு நூலகங்களுக்காக ஓசிஎல்சி சுமார் 190 கோடி அட்டைகளை அச்சிட்டது. கடைசி அட்டைகள் 2015 அக்டோபர் 1 அன்று அச்சிடப்பட்டன.

நுண்கணினிகளும் திறமூல மென்பொருட்களும்

பெருங்கணினிகள் விலை மிகுந்தவை ஆதலால் வளரும் நாடுகளின் நூலகங்கள் நெடுங்காலம் இம்மாற்றத்துக்கு வெளியே இருந்தன. 1985 இல் யுனெசுக்கோ நிறுவனம் சிடிஎஸ்/ஐசிஸ் என்னும் மென்பொருளின் நுண்கணினிப் பதிப்பை வெளியிட்டது. இது இலவசமாக வழங்கப்பட்டதால் இந்தியா உட்படப் பல நாடுகளில் பரவியது. இந்தியாவில் 1991 இல் பல்கலைக்கழக மானியக் குழுவின் திட்டமாகத் தொடங்கப்பட்ட இன்ஃபிலிப்நெட், பல்கலைக்கழக, கல்லூரி நூலகங்களுக்காக சோல் என்னும் மென்பொருளை உருவாக்கியது.

நியூசிலாந்தின் ஓரோவெனுவா நூலகங்களில் இருந்த பழைய கணினி அமைப்பால் 2000 ஆம் ஆண்டைக் கையாள இயலாது எனக் கண்டறியப்பட்டது. விலைக்கு வாங்குவதற்குப் பதிலாகப் புதிய மென்பொருள் ஒன்றை எழுதுவித்து, அதனைத் திறமூல உரிமத்தில் வெளியிட அந்நூலக நிர்வாகம் முடிவு செய்தது. 2000 சனவரியில் பயன்பாட்டுக்கு வந்த அம்மென்பொருள் கோகா எனப்படுகின்றது. மாவோரி மொழியில் இச்சொல்லுக்கு அன்பளிப்பு என்பது பொருள். உரிமக் கட்டணம் செலுத்த இயலாத நூலகங்களும் இதனைப் பயன்படுத்த முடிகின்றது.

செயற்படும் முறை

பதிவின் அமைப்பு

மார்க் பதிவு பல புலங்களைக் கொண்டது. ஒவ்வொரு புலத்துக்கும் மூன்று இலக்க எண் உண்டு. உ. வே. சாமிநாதையரின் தன்வரலாற்று நூலுக்கான பதிவு, எளிமைப்படுத்திய வடிவில் பின்வருமாறு அமையும்:

• 082 (வகைப்பாட்டு எண்): 894.811
• 100 (ஆசிரியர்): சாமிநாதையர், உ. வே., 1855-1942
• 245 (தலைப்பு): என் சரித்திரம்
• 260 (வெளியீடு): சென்னை, 1950
• 650 (பொருள்): தமிழறிஞர்கள் - வாழ்க்கை வரலாறு

இதில் 894.811 என்பது தூயி தசமப் பகுப்பு முறையில் தமிழ் இலக்கியத்துக்கு உரிய எண் ஆகும். இப்பதிவு ஒருமுறை உள்ளிடப்பட்டால் எந்தப் புலத்தின் வழியாகவும் தேடலாம். அட்டை முறையில் தனித்தனி அட்டைகள் செய்த வேலையை இங்கு ஒரே பதிவு செய்கிறது. பொருள் தலைப்பை மாற்ற வேண்டுமாயின், தொடர்புடைய பதிவுகள் அனைத்தையும் ஒரே கட்டளையால் மாற்றலாம். தவறான மாற்றமும் அதே வேகத்தில் பரவும் என்பது இதன் மறுபக்கம் ஆகும்.

நூல் எண்ணும் சரிபார்ப்பு இலக்கமும்

அனைத்துலகத் தர நூல் எண் 1970 இல் 10 இலக்கங்களுடன் தரப்படுத்தப்பட்டது. 2007 சனவரி முதல் 13 இலக்கங்கள் பயன்படுத்தப்படுகின்றன. 978 என்னும் முன்னொட்டுக்குப் பின்னர் 81, 93 ஆகியன இந்தியாவையும், 955 இலங்கையையும் குறிக்கும் எண்களில் அடங்கும்.

இவ்வெண்ணின் கடைசி இலக்கம் தட்டச்சுப் பிழைகளைக் கண்டறிவதற்கானது. முதல் 12 இலக்கங்களை மாறி மாறி 1, 3 ஆகியவற்றால் பெருக்கிக் கூட்ட வேண்டும். அக்கூட்டுத்தொகையை அடுத்த பத்தின் மடங்காக ஆக்கத் தேவைப்படும் எண்ணே சரிபார்ப்பு இலக்கம் ஆகும். கூட்டுத்தொகை ஏற்கெனவே பத்தின் மடங்காக இருந்தால் அது 0 ஆகும். எடுத்துக்காட்டாக, 978-0-306-40615-7 என்னும் எண்ணில்:

9 + 21 + 8 + 0 + 3 + 0 + 6 + 12 + 0 + 18 + 1 + 15 = 93

93 உடன் 7 ஐக் கூட்டினால் 100 வருவதால் கடைசி இலக்கம் 7 ஆகும். ஏதேனும் ஓர் இலக்கம் மட்டும் தவறாக உள்ளிடப்பட்டால் கணினி அதனை உடனே கண்டுகொள்ளும். ஆனால் இதே எண்ணில் அடுத்தடுத்துள்ள 6, 1 ஆகியவற்றை இடம் மாற்றி 978-0-306-40165-7 என எழுதினால் கூட்டுத்தொகை 83 ஆகிறது. சரிபார்ப்பு இலக்கம் அப்போதும் 7 ஆகவே இருக்கும். அடுத்தடுத்த இரு இலக்கங்களுக்கு இடையிலான வேறுபாடு 5 ஆக இருக்கும்போது இவ்வாறு நிகழும். பழைய 10 இலக்க முறை இத்தகைய இடமாற்றங்கள் அனைத்தையும் கண்டறியக் கூடியதாக இருந்தது. கணினி ஏற்றுக்கொண்ட பதிவு சரியான பதிவு என்று கொள்ள முடியாது என்பதற்கு இது எளிய சான்றாகும்.

இரவலும் இருப்புச் சரிபார்ப்பும்

நூலிலும் உறுப்பினர் அட்டையிலும் ஒட்டப்பட்ட பட்டைக்குறிகளை ஒளிவருடியால் படித்து இரவல் பதியப்படுகின்றது. பட்டைக்குறி கண்ணுக்குத் தெரியும்படி இருத்தல் வேண்டும். ஒரு நேரத்தில் ஒன்றையே படிக்கலாம். வானொலி அலைகளால் இயங்கும் ஆர்எஃப்ஐடி சில்லுகளில் இக்கட்டுப்பாடு இல்லை. தட்டின் மீது கையடக்கக் கருவியை நகர்த்திச் சென்றாலே அங்குள்ள நூல்களின் எண்கள் பதிவாகும். ஆண்டுதோறும் நூலகத்தை மூடிவைத்துச் செய்யப்பட்ட இருப்புச் சரிபார்ப்பை இதனால் விரைவாக முடிக்க முடிகின்றது.

தமிழ் நூல்களைப் பட்டியலிடுதல்

எழுத்துக் குறியேற்றம்

மார்க் பதிவுகளுக்கென வகுக்கப்பட்ட பழைய எழுத்துத் தொகுதியில் இலத்தீன், அரபு, எபிரேயம், சிரில்லிக்கு, கிரேக்கம், சீன-சப்பானிய-கொரிய எழுத்துகள் இடம்பெற்றன. தமிழ் இடம்பெறவில்லை. எனவே மேலைநாட்டு நூலகங்கள் தமிழ் நூல்களை உரோம எழுத்தில் பெயர்த்தே பட்டியலிட்டன. இம்முறையில் தமிழ் எழுத்துகள் பலவற்றுக்கு மேற்குறி அல்லது கீழ்க்குறி கொண்ட உரோம எழுத்துகள் பயன்படுத்தப்படுகின்றன. "சோழர்" என்பதைப் பொதுமக்கள் ஆங்கிலத்தில் எழுதும் விதமும் இப்பட்டியல்களில் உள்ள விதமும் வேறுபட்டவை. விதிகளை அறியாத தமிழர் ஒருவர் தம் மொழி நூலைத் தேடினால் "இல்லை" என்ற விடையே பல வேளைகளில் கிடைத்தது.

1990களில் கணினியில் தமிழ் எழுதப் பல குறியேற்றங்கள் தோன்றின. தகுதரம் எனப்படும் டிஸ்கி, தமிழ்நாட்டரசு 1999 இல் அறிவித்த டாம், டாப் ஆகியன இவற்றுள் சில. ஒன்றில் உள்ளிட்ட தரவை மற்றொன்றில் தேட இயலாது. ஒருங்குறியில் 1991 முதலே தமிழுக்கு இடம் இருந்தபோதிலும், இயக்குதளங்களும் மென்பொருட்களும் அதற்கு முழு ஆதரவு அளித்த பின்னரே தமிழ் எழுத்திலேயே பட்டியலிடுவது நடைமுறைக்கு ஏற்றதாயிற்று. 2010 இல் தமிழ்நாட்டரசு ஒருங்குறியை ஏற்றுக்கொண்டது.

ஒருங்குறியிலும் கவனிக்க வேண்டிய சில இடங்கள் உள்ளன. "கொ" என்னும் எழுத்தின் உயிர்க்குறியை ஒரே குறியாகவோ, கொம்பு, கால் என இரண்டு குறிகளாகவோ சேமிக்கலாம். திரையில் இரண்டும் ஒன்றாகவே தெரியும். தரத்தின்படி இவை சமமானவை ஆயினும், ஒப்பிடும் முன் ஒரே வடிவுக்கு மாற்றாத மென்பொருள் இவற்றை வேறு வேறு சொற்களாகக் கொள்ளும். "ஔவையார்" என்னும் பெயரை ஔகார எழுத்தால் எழுதுவதற்குப் பதிலாக ஒகரத்தையும் ளகரத்தையும் சேர்த்து "ஒளவையார்" என உள்ளிடுவோரும் உளர். இவற்றைத் தரம் சமமாகக் கருதுவதில்லை. இப்பிழையை நூலகரே திருத்த வேண்டும்.

அகரவரிசை

ஒருங்குறியில் எழுத்துகளுக்கு எண்கள் தரப்பட்ட வரிசை தமிழ் நெடுங்கணக்கு வரிசை அன்று. அதில் னகரம் நகரத்தை அடுத்தும், றகரம் ரகரத்தை அடுத்தும் வருகின்றன. எனவே எண் வரிசைப்படி அடுக்கினால் "மரம்" என்பதற்கு முன் "மனம்" வந்துவிடும். அவ்வாறே தமிழ் அகராதிகளில் "பக்கம்" முதலிலும் "பகல்" பின்னரும் வரும். எண் வரிசையில் புள்ளி பிற எழுத்துகளுக்குப் பின்னர் அமைந்துள்ளதால் இது தலைகீழாகும். தமிழுக்கென வரிசைப்படுத்தல் விதிகளைச் சேர்த்த மென்பொருளே சரியான அகரவரிசைப் பட்டியலைத் தரும்.

பெயர்கள்

மேலைநாட்டுப் பட்டியல் விதிகள் குடும்பப் பெயரை முதன்மையாகக் கொண்டவை. தமிழர் பெயர்களில் பெரும்பாலும் தலைப்பெழுத்தும் இயற்பெயருமே உள்ளன. தலைப்பெழுத்து விரித்து எழுதப்படும்போது, தந்தையின் பெயர் ஆசிரியரின் பெயராகப் பதிவாகும் வாய்ப்புள்ளது. புனைபெயர்களும் இச்சிக்கலைக் கூட்டுகின்றன. புதுமைப்பித்தன் என்பவரும் சொ. விருத்தாசலம் என்பவரும் ஒருவரே, கல்கி என்பவரும் ரா. கிருஷ்ணமூர்த்தி என்பவரும் ஒருவரே என்பதைக் கணினி தானாக அறியாது. இதற்காக நூலகங்கள் ஒரு பெயரை நிலையான வடிவாகத் தெரிந்து, பிற வடிவங்கள் அனைத்தையும் அதனுடன் இணைக்கும் தனிக் கோப்பு ஒன்றைப் பேணுகின்றன. இக்கோப்பு இருந்தால் எந்தப் பெயரில் தேடினாலும் ஒருவரின் நூல்கள் அனைத்தும் ஒருங்கே கிடைக்கும்.

எண்ணிம நூலகங்கள்

பட்டியலைக் கணினியில் ஏற்றியதற்கு அடுத்த படியாக நூல்களே கணினியில் ஏற்றப்பட்டன. 1971 இல் மைக்கேல் ஆர்ட் தொடங்கிய குட்டன்பர்க் திட்டம் இதற்கு முன்னோடியாகும். 2004 இல் கூகுள் நிறுவனம் பெரிய நூலகங்களின் நூல்களை வருடும் திட்டத்தை அறிவித்தது. அதில் பங்கேற்ற பல்கலைக்கழகங்கள் பல இணைந்து 2008 இல் ஆத்தி டிரஸ்டு என்னும் எண்ணிமக் களஞ்சியத்தை உருவாக்கின.

தமிழில் 1998 இல் தொடங்கப்பட்ட மதுரைத் திட்டம், தன்னார்வலர்கள் தட்டச்சு செய்து மெய்ப்புப் பார்த்த இலக்கியங்களை இணையத்தில் வெளியிட்டு வருகின்றது. கோட்டையூர் ரோஜா முத்தையா திரட்டிய ஏறத்தாழ 1,00,000 வெளியீடுகள் 1994 இல் சிகாகோ பல்கலைக்கழகத்தால் பெறப்பட்டு, சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகமாகப் பேணப்படுகின்றன. அங்கு முதலில் நுண்படச் சுருள்களும் பின்னர் எண்ணிமப் படிகளும் உருவாக்கப்பட்டன. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தமிழ் மின்னூலகம் 2017 இல் தொடங்கப்பட்டது.

1981 மே 31 இரவு தொடங்கி யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஓலைச்சுவடிகள் உட்பட ஏறத்தாழ 97,000 நூல்கள் அழிந்தன. வேறெங்கும் படி இல்லாத ஆவணம் அழிந்தால் அதனை எந்த நிதியாலும் மீண்டும் வாங்க இயலாது. 2005 இல் தன்னார்வலர்களால் தொடங்கப்பட்ட நூலகம் திட்டம் ஈழத்து நூல்கள், இதழ்கள், சிறு வெளியீடுகள் முதலியவற்றை வருடி இணையத்தில் வழங்குகின்றது. ஓர் ஆவணத்தின் படிகள் பல இடங்களில் இருக்கும்போது ஓரிடத்து அழிவு முழு அழிவாகாது.

வருடிய பக்கம் வெறும் படமே. அதிலுள்ள சொற்களைத் தேட வேண்டுமாயின் எழுத்துணரி மென்பொருளால் உரையாக மாற்ற வேண்டும். 1978 இல் தமிழ்நாட்டரசு எழுத்துச் சீர்திருத்தத்தை நடைமுறைப்படுத்துவதற்கு முந்தைய அச்சில் ணா, றா, னா, ணை, லை, ளை, னை முதலியவற்றின் வடிவங்கள் வேறாக இருந்தன. புதிய எழுத்துகளில் மட்டும் பயிற்றப்பட்ட எழுத்துணரி அவற்றில் தடுமாறும். ஆகவே மெய்ப்புப் பார்ப்பவரின் பணி இன்றியமையாதது ஆகும்.

நூலகர் பணியில் ஏற்பட்ட மாற்றங்கள்

• அட்டைகளைத் தட்டச்சு செய்தல், அடுக்குதல் போன்ற திரும்பத் திரும்பச் செய்யும் வேலைகள் மறைந்தன.
• ஏற்கெனவே உள்ள பதிவுகளைப் பெற்றுச் சரிபார்ப்பது பட்டியலாக்கத்தின் பெரும்பகுதி ஆயிற்று. உள்ளூர் வெளியீடுகள், சிறு இதழ்கள், மலர்கள் முதலியவற்றுக்குப் பதிவுகளைப் புதிதாக உருவாக்க வேண்டியுள்ளது.
• மின்னிதழ்கள், தரவுத்தளங்கள் ஆகியன வாங்கப்படாமல் சந்தா முறையில் பெறப்படுகின்றன. சந்தா நின்றால் பழைய இதழ்களும் கைவிட்டுப் போகலாம் என்பதால் உரிம விதிகளை ஆராய்வதும் நூலகர் கடமை ஆயிற்று.
• வாசகருக்குத் தேடும் முறையையும், கிடைத்த தகவலின் நம்பகத்தன்மையை மதிப்பிடும் முறையையும் கற்பித்தல் முதன்மை பெற்றது.

சிக்கல்கள்

மாற்றத்தின்போது ஏற்படும் இழப்பு

பழைய அட்டைகளைக் கணினிப் பதிவுகளாக மாற்றுவது நீண்டகாலப் பணியாகும். அட்டைகளில் நூலகர்கள் கையால் எழுதிய குறிப்புகள், முந்தைய உரிமையாளர் பற்றிய செய்திகள் போன்றவை உள்ளிடப்படாமல் விடுபடுவதுண்டு. 1994 இல் அமெரிக்க எழுத்தாளர் நிக்கல்சன் பேக்கர், மாற்றம் முடிந்ததும் அட்டைகளை எறிந்துவிடும் வழக்கத்தைக் கடுமையாக விமர்சித்துக் கட்டுரை எழுதினார். உள்ளிடப்படாமல் போன நூல், அட்டையும் அகற்றப்பட்டபின் எந்த வழியிலும் அகப்படாது.

தரவு வடிவங்களின் ஆயுள்

நல்ல காகிதத்தில் அச்சிட்ட நூலை நூறாண்டுகளுக்குப் பின்னரும் திறந்து படிக்கலாம். எண்ணிமக் கோப்புக்கு அதனைப் படிக்கும் கருவியும் மென்பொருளும் தேவை. 1986 இல் பிபிசி நிறுவனம் பிரித்தானிய மக்களின் வாழ்வைப் பதிவு செய்து லேசர் வட்டுகளில் வெளியிட்டது. பதினைந்து ஆண்டுகளிலேயே அவ்வட்டுகளைப் படிக்கும் கருவிகள் அரிதாகிவிட்டன. பழைய கணினியைப் போன்று இயங்கும் மென்பொருளை உருவாக்கி 2002 இல் ஆய்வாளர்கள் அதனை மீட்க வேண்டியிருந்தது. எனவே கோப்புகளை அவ்வப்போது புதிய வடிவங்களுக்கு மாற்றுவதும், பல இடங்களில் படி வைப்பதும், படிகள் சிதையாமல் உள்ளனவா எனச் சோதிப்பதும் எண்ணிமப் பாதுகாப்பின் அடிப்படைகள் ஆகும்.

மையப்படுத்தலின் அபாயம்

2023 அக்டோபர் இறுதியில் பிரித்தானிய நூலகத்தின் கணினிகள் பணயத் தீநிரல் தாக்குதலுக்கு உள்ளாயின. நூல்கள் தட்டுகளில் பாதுகாப்பாக இருந்தபோதிலும் அவற்றின் இருப்பிடத்தைக் காட்டும் பட்டியல் செயலிழந்தது. முதன்மைப் பட்டியல் 2024 சனவரி 15 அன்றே, தேடுவதற்கு மட்டும் பயன்படும் வகையில், இணையத்துக்குத் திரும்பியது. பிற சேவைகள் மீள மேலும் காலம் பிடித்தது. பட்டியலின் படியொன்றை வலையமைப்போடு இணையாத இடத்தில் வைத்திருப்பதன் தேவையை இந்நிகழ்வு உணர்த்தியது. கணினி ஒன்றும் நூலகர் ஒருவரும் மட்டுமே உள்ள சிறிய நூலகத்துக்கும் இது பொருந்தும்.

இவற்றையும் பார்க்கவும்

• நூலக அறிவியல்
• எஸ். ஆர். ரங்கநாதன்
• தூயி தசமப் பகுப்பு
• ஒருங்குறி
• மதுரைத் திட்டம்
• நூலகம் திட்டம்
• யாழ்ப்பாணப் பொது நூலகம்